வலீமா விருந்தும் கேக்கின் எடையும்



சென்ற ஷவ்வால் மாதத்தில் ஒரு நாள் அஸர் தொழுகைக்குப் பின் மதரஸாத் திண்ணையில் அமர்ந்திருந்தோம். நம்மிடம் சிறுவயதில் குர்ஆன் ஓதிய மாணவர் ஒருவரின் தந்தை வந்தார். ஓசூர் சிப்காட்டுக்குத் தொழிலாளரை ஏற்றிச் செல்லும் வேன் ஓட்டுபவர். மகனுக்கு நிக்காஹ் பேசி முடித்திருந்தார். சட்டைப் பையிலிருந்து ஒரு தாளை எடுத்து நீட்டினார். பேக்கரியில் எழுதிக் கொடுத்த மதிப்பீடு அது. விருந்தினர் 700 பேர். ஆளுக்கு 100 கிராம். ஆக 70 கிலோ கேக், மூன்று அடுக்கு. கிலோ 600 ரூபாய் வீதம் 42,000 ரூபாய்.

"ஹஜ்ரத், இது கூடுதலா குறைவா, நீங்களே சொல்லுங்கள். பற்றாமல் போனால் சம்பந்தி வீட்டார் முன்னால் தலை நிமிர முடியாது. மிஞ்சினாலோ, வீட்டுக்காரியின் வளையலை அடகு வைத்துத்தான் வாங்கப் போகிறேன்" என்றார்.

நம்மால் உடனே பதில் சொல்ல முடியவில்லை. கேக் உண்பது ஆகுமா ஆகாதா என்று கேட்டிருந்தால் எளிதாகச் சொல்லியிருப்போம். மாவு, முட்டை, சர்க்கரை, நெய் இவற்றால் ஆன பண்டம் அது. மதுவும் ஆகாத கொழுப்பும் கலவாதிருந்தால் உண்பதில் தடையில்லை. மேடையில் நின்று கத்தியால் வெட்டி ஒருவருக்கொருவர் ஊட்டிக்கொள்ளும் சடங்கு வேறு விஷயம். அதைப் பற்றி உலமாக்கள் நிறையவே பேசியிருக்கிறார்கள். அவர் கேட்டது அவை எதையும் அன்று; எத்தனை கிலோ என்பதை மட்டுமே.

நமக்கும் இதில் ஒரு பழைய காயம் உண்டு. சில ஆண்டுகளுக்கு முன் நம் உடன்பிறந்தார் மகனின் வலீமாவுக்கு, ஒரு கடைக்காரர் சொன்ன கணக்கை நம்பி 40 கிலோ கேக் வாங்கினோம். ஷாதி மஹாலில் பாதிக்கு மேல் மிஞ்சிற்று. இரவு 11 மணிக்கு அதை யாரிடம் கொண்டுபோய்க் கொடுப்பது? கோடை காலம். மேலே பூசியிருந்த கிரீம் உருகி வழிந்து, காலையில் வீட்டுப் பின்புறம் குழி தோண்டிப் புதைத்தோம். நம் தாயார் அந்தக் குழியருகே நெடுநேரம் நின்றுகொண்டிருந்தார்கள். ஒன்றும் பேசவில்லை.

அதன் பிறகுதான் திருமண விருந்தில் உணவை அளக்கும் வழக்கம் எப்படி இருந்து எப்படி மாறியது என்று கிதாபுகளிலும் வரலாற்று நூல்களிலும் தேடத் தொடங்கினோம். கிடைத்ததில் ஒரு பகுதியை இங்கே எழுதுகிறோம்.

நபி (ஸல்) அவர்களின் வலீமாக்களைப் பற்றிய செய்திகள் ஹதீஸ் நூல்களில் வியப்பூட்டும் அளவுக்கு நுணுக்கமாகப் பதிவாகியிருக்கின்றன. எத்தனை ஆடு, எவ்வளவு வாற்கோதுமை, என்ன பாத்திரம், எத்தனை பேர் என்றெல்லாம் ஸஹாபாக்கள் கவனித்துச் சொல்லியிருக்கிறார்கள். மனைவியருள் ஒருவருடைய திருமணத்துக்கு நபியவர்கள் இரண்டு முத்து வாற்கோதுமையால் வலீமா கொடுத்தார்கள் என்று ஸஹீஹுல் புகாரியில் உள்ளது. நான்கு முத்து சேர்ந்தது ஒரு ஸாஉ. ஆகவே இரண்டு முத்து என்பது அரை ஸாஉ. நோன்புப் பெருநாளில் நம் வீட்டில் ஒரு தலைக்கு ஃபித்ராவாகக் கோதுமை அளக்கிறோமே, அதே அரை ஸாஉ. ஹனஃபி, ஷாஃபிஈ மத்ஹபுகளிடையே ஸாஉவின் எடையில் வேறுபாடு உண்டென்றாலும், எப்படிக் கணக்கிட்டாலும் அது 2 கிலோவைத் தாண்டாது. அல்லாஹ்வின் தூதர் கொடுத்த திருமண விருந்துகளில் ஒன்று அவ்வளவுதான்.

ஹிஜ்ரி 7இல் கைபரிலிருந்து திரும்பும் வழியில் ஸஃபிய்யா (ரலி) அவர்களுடனான திருமணம் நடந்தது. அந்த விருந்தில் ரொட்டியும் இல்லை, இறைச்சியும் இல்லை என்று அனஸ் (ரலி) அவர்கள் கூறுகிறார்கள். தோல் விரிப்பை விரிக்கச் சொல்லி, எவரிடம் எது உள்ளதோ அதைக் கொண்டுவரும்படி நபியவர்கள் அறிவித்தார்கள். ஒருவர் பேரீச்சம்பழம் கொண்டுவந்தார், இன்னொருவர் நெய். அகித் எனப்படும் உலர்ந்த பாலாடைக்கட்டியும் வந்தது. எல்லாவற்றையும் ஒன்றாகப் பிசைந்தார்கள். அதற்கு ஹைஸ் என்று பெயர். கொட்டை நீக்கிய பேரீச்சை, நெய், அகித் மூன்றும் சேர்ந்த இனிப்பு அது. இன்றைய திருமண மேடையில் கேக் நிற்கும் இடத்தில் அன்றைய மதீனாவில் இருந்த பண்டம் இதுவே என்று சொல்லலாம். ஆனால் அதற்கு அடுக்கில்லை. விருந்தினரே அதன் பொருள்களைக் கொண்டுவந்தார்கள்.

ஹைஸ் இன்னொரு திருமணத்திலும் வருகிறது. ஹிஜ்ரி 5இல் ஸைனப் (ரலி) அவர்களுடைய திருமணத்தின்போது அனஸின் தாயார் உம்மு ஸுலைம் (ரலி) அவர்கள் ஹைஸ் செய்து, ஒரு கல் பாத்திரத்தில் இட்டு, மகனிடம் கொடுத்து அனுப்பினார்கள். இது எங்களிடமிருந்து உங்களுக்குச் சிறு பொருள் என்று சொல்லும்படி ஏவினார்கள். நபியவர்கள் சிலருடைய பெயரைச் சொல்லி, அவர்களையும் வழியில் காண்பவரையும் அழைத்து வரச் சொன்னார்கள். ஏறத்தாழ 300 பேர் வந்தார்கள். பத்துப் பத்துப் பேராக வட்டமிட்டு, ஒவ்வொருவரும் தமக்கு முன்னுள்ள பகுதியிலிருந்து உண்ணும்படி ஏற்பாடாயிற்று. ஒரு குழு உண்டு வெளியேற, அடுத்த குழு உள்ளே வந்தது. எல்லோரும் உண்டு முடிந்தபின் பாத்திரத்தைத் தூக்கிய அனஸ், வைத்தபோது அதிகமாயிருந்ததா எடுத்தபோதா என்று தமக்குத் தெரியவில்லை என்று சொன்ன செய்தி ஸஹீஹ் முஸ்லிமில் இடம் பெற்றிருக்கிறது.

இந்த ஹதீஸைக் காட்டி, ஐந்து கிலோ வாங்குங்கள், பரக்கத் வந்துவிடும் என்று நாம் சொல்லப் போவதில்லை. அது நபியவர்களின் முஃஜிஸா. பேக்கரிக்கு அதை உரைகல்லாக்க முடியாது. நம் கண்ணில் பட்டது வேறொன்று: அற்புதம் நிகழ்ந்த அந்தச் சபையிலும் பத்துப் பத்துப் பேர் என்று எண்ணிக்கை வகுக்கப்பட்டது.

அபூ ஷுஐப் (ரலி) என்ற அன்ஸாரித் தோழரின் நிகழ்ச்சி இதைவிடவும் தெளிவானது. நபியவர்களின் முகத்தில் பசியின் அடையாளத்தைக் கண்ட அவர், இறைச்சி விற்கும் தம் பணியாளரிடம் ஐந்து பேருக்கு உணவு சமைக்கச் சொன்னார். நபியவர்களை ஐவரில் ஒருவராக அழைத்தார். வரும் வழியில் ஆறாவதாக ஒருவர் சேர்ந்துகொண்டார். வாசலை அடைந்ததும் நபியவர்கள், இவர் எங்களைப் பின்தொடர்ந்து வந்துவிட்டார், நீர் விரும்பினால் அனுமதிக்கலாம், விரும்பாவிட்டால் திரும்பிப் போய்விடுவார் என்ற கருத்தில் சொன்னார்கள். அபூ ஷுஐப் அனுமதித்தார். புகாரியிலும் முஸ்லிமிலும் உள்ள செய்தி இது.

இதை மாணவர்களுக்கு ஓதிக் கொடுக்கும்போது நாம் ஒவ்வொரு முறையும் சற்று நிறுத்துவது வழக்கம். அழைத்தவர் ஐந்து என்று எண்ணிச் சமைத்தார். அந்த எண்ணிக்கை அழைக்கப்பட்டவருக்கும் தெரிந்திருந்தது. அதைச் சொன்னதில் விருந்தளித்தவருக்குக் கூச்சமில்லை, கேட்டவருக்கு மனத்தாங்கலும் இல்லை. ஓர் ஆள் கூடியபோது படைப்புகளில் மேலானவரே வாசலில் நின்று அனுமதி கேட்டார்கள். நம் ஊரில் கார்டு கொடுக்கப் போகிறவர், "உங்கள் வீட்டிலிருந்து எத்தனை பேர் வருவீர்கள்?" என்று கேட்டால் என்ன நடக்கும்? எண்ணிச் சோறு போடுகிறவன் என்ற பெயர் மூன்று தலைமுறைக்கு நிற்கும். அந்தப் பயத்தால்தான் ஒரு கார்டுக்கு நான்கு பேர் என்று கண்ணை மூடிக்கொண்டு பெருக்குகிறோம். பேக்கரித் தாளில் 700 என்ற எண் வந்து உட்காரும் வழி அதுதான்.

அப்துர் ரஹ்மான் பின் அவ்ஃப் (ரலி) அவர்களின் நிகழ்ச்சியையும் இங்கே நினைவு கூரலாம். ஓர் ஆட்டைக் கொண்டேனும் வலீமா கொடுப்பீராக என்று நபியவர்கள் அவருக்குக் கூறியது பரவலாகத் தெரிந்ததே. மக்காவிலிருந்து வெறுங்கையுடன் வந்து, மதீனாச் சந்தையில் நெய்யும் அகித்தும் வாங்கி விற்று முன்னேறிய வணிகர் அவர். கையில் பொருள் சேர்ந்த பிறகும் அவருக்குச் சொல்லப்பட்டது ஓர் ஆடுதான். கடன் வாங்கியேனும் என்று சொல்லப்படவில்லை.

இவ்வளவு எளிமையாகத் தொடங்கிய வழக்கம் இரண்டு நூற்றாண்டுக்குள் எங்கே போய் நின்றது என்பதற்கு அப்பாஸியர் வரலாற்றில் ஒரு சான்று உண்டு. ஹிஜ்ரி 210, அதாவது கி.பி. 825இல், கலீஃபா மஃமூனுக்கும் ஹஸன் இப்னு ஸஹ்லின் மகள் பூரானுக்கும் வாஸித் நகருக்கு அருகே திருமணம் நடந்தது. பெண்ணின் தந்தை விருந்தினர்மீது கஸ்தூரி உருண்டைகளை வீசச் செய்தார். ஒவ்வொரு உருண்டைக்குள்ளும் ஒரு சீட்டு. சீட்டில் ஒரு தோட்டத்தின் பெயரோ குதிரையின் பெயரோ எழுதியிருக்கும். எவர் கையில் விழுந்ததோ அது அவருக்குச் சொந்தம். மணமக்கள்மீது முத்துகள் கொட்டப்பட்டன. அம்பரால் செய்த பெரிய மெழுகுவர்த்தி ஒன்று தங்கத் தட்டில் ஏற்றப்பட்டபோது, இது வீண்விரயம் என்று கலீஃபாவே கடிந்துகொண்டதாகத் தபரீ எழுதுகிறார். கஸ்தூரி மழையைச் சகித்துக்கொண்டவர் மெழுகுவர்த்தியில் போய்த் தடுக்கி விழுந்தார்! நாமும் அப்படித்தான். லட்சக்கணக்கில் மண்டப வாடகை கொடுத்துவிட்டு, கேக்கில் 2 கிலோ குறைப்பதைப் பற்றி விவாதிப்போம்.

இனிக் கேக்கின் பக்கம் வருவோம். அடுக்கடுக்காக வெள்ளைச் சர்க்கரை பூசிய திருமணக் கேக் நம் மண்ணுக்குரியதும் அன்று, அரபு மண்ணுக்குரியதும் அன்று. சர்க்கரை என்ற சொல் மட்டும் இந்தியாவிலிருந்து பாரசீகம் வழியாக அரபியில் ஸுக்கர் ஆகி, அங்கிருந்து ஐரோப்பிய மொழிகளுக்குப் போயிற்று. கேக்கோ இங்கிலாந்து அரச குடும்பத்தின் வாயிலாகப் புகழ் பெற்றது. 1840இல் விக்டோரியா மகாராணியின் திருமணக் கேக் ஏறத்தாழ 300 பவுண்டு, அதாவது நம் கணக்கில் 136 கிலோ எடையுள்ளதாக இருந்தது. 1858இல் அவருடைய மூத்த மகளின் திருமணத்தில் கேக் கோபுரம்போல் உயர்ந்து நின்றது; ஆனால் அடித்தட்டு மட்டுமே கேக், மேலிருந்தவை வெறும் சர்க்கரைச் சிற்பம். முழுவதும் உண்ணத்தக்க அடுக்குகள் 1882இல் இளவரசர் லியோபோல்டின் திருமணத்தில்தான் வந்தன என்பர். ஆக, உயரம் தொடக்கத்திலேயே வயிற்றுக்காக ஏற்பட்டதன்று. இன்று பெங்களூரிலும் ஓசூரிலும் பேக்கரிகளில் தெர்மகோல் அடுக்கின்மேல் கிரீம் பூசிக் கொடுக்கிறார்களே, அதற்கும் ஒன்றரை நூற்றாண்டு வம்சாவளி இருக்கிறது!

இரண்டாம் உலகப் போர் இந்த ஆடம்பரத்தை ஒரே உத்தரவில் நிறுத்திற்று. 1940 ஆகஸ்டு முதல் பிரிட்டனில் கேக்கின் வெளிப்புறத்தில் சர்க்கரை பூசுவது சட்டப்படி குற்றமாயிற்று. மணமக்கள் என்ன செய்தார்கள்? அட்டையால் செய்து வெள்ளையடித்த கோபுரக் கூடு ஒன்றை வாடகைக்கு வாங்கி, அதனடியில் ஒரு சிறு கேக்கை வைத்துக்கொண்டார்கள். புகைப்படத்தில் கோபுரம், தட்டில் ஒரு துண்டு. சர்க்கரை இல்லாத காலத்திலும் காட்சியை விட மனமில்லை. 1947இல், பங்கீடு இன்னும் நீங்காத நிலையில், இளவரசி எலிசபெத்தின் திருமணம் நடந்தது. 9 அடி உயரம், 500 பவுண்டு எடை, நான்கு அடுக்கு. அதற்கான பொருள்கள் ஆஸ்திரேலியாவிலிருந்து பெண் சாரணியர் அன்பளிப்பாக வந்தன. விருந்தினருக்கு 2,000 துண்டுகள் வெட்டப்பட்டன. கணக்குப் போட்டுப் பாருங்கள். 227 கிலோவை 2,000ஆல் வகுத்தால் துண்டுக்கு 113 கிராம். நம் வேன் ஓட்டுநருக்கு எழுதிக் கொடுத்த மதிப்பீடு 100 கிராம். இங்கிலாந்து அரண்மனைக்கும் கெலமங்கலத்துக்கும் இடையில் 13 கிராம்தான் வித்தியாசம்!

இதற்கு நேர்மாறான வழக்கம் ஒன்று நமக்கு மிக அருகிலேயே, இலங்கையில் இருக்கிறது. அங்கே திருமணக் கேக் என்பது ரவையும் முந்திரியும் பழப்பாகும் சேர்ந்த கனமான பண்டம். முன்கூட்டியே சுட்டு, சிறு சிறு துண்டுகளாக வெட்டி, தாளில் சுற்றி, தீப்பெட்டியைவிடச் சற்றே பெரிய பெட்டியில் இட்டு நாடா கட்டுகிறார்கள். மேடையில் நிற்பது பெரும்பாலும் அலங்காரக் கூடு. விருந்தினர் விடைபெறும்போது ஆளுக்கொரு பெட்டி. சிங்களவர், தமிழர், முஸ்லிம்கள் என்று எல்லாச் சமூகத்திலும் இது காணப்படுகிறது. பெட்டி என்றாலே எண்ணிக்கை வந்துவிடுகிறது. இத்தனை பேர், இத்தனை பெட்டி. துண்டு சிறியது என்று அங்கே எவரும் குறை சொல்வதில்லை, அது வீட்டிலிருக்கும் முதியவருக்கும் குழந்தைக்கும் போய்ச் சேர்கிறது. பழப்பாகு கலந்ததால் எளிதில் கெடுவதுமில்லை.

நம் பக்கத்திலும் இப்படி ஒன்று இருந்தது. நிக்காஹ் குத்பா முடிந்ததும் காய்ந்த பேரீச்சையும் கற்கண்டும் பாதாமும் கட்டிய சிறு பொட்டலம் கைக்குக் கை வரும். நாம் சிறுவராயிருந்தபோது அதைப் பிரிக்காமல் வீட்டுக்கு எடுத்துச் சென்று பாட்டியாரிடம் கொடுத்தால்தான் திருமணத்துக்குப் போய்வந்ததாகக் கணக்கு. முந்தின இரவு வீட்டுப் பெண்கள் சுற்றி அமர்ந்து பொட்டலம் கட்டுவார்கள். கட்டக் கட்ட எண்ணுவார்கள். தமிழ் முஸ்லிம்களின் பழைய இனிப்பான தம்ரூட்டும் ரவை, பால், நெய், சர்க்கரை சேர்த்து மேலும் கீழும் தணலிட்டு வேகவைப்பதுதான். அதையும் துண்டு போட்டே பரிமாறினார்கள். கேக் என்று பெயர் வைக்கவில்லை, அவ்வளவே.

எண்ணாமல் விட்டால் என்னவாகும் என்பதற்கு நம் ஊரைத் தொட்டுச் சென்ற ஒரு வரலாறே சான்று. 1799 மார்ச்சில் திப்பு சுல்தான் மீது படையெடுத்துச் சென்ற ஜெனரல் ஹாரிஸின் சேனை, ராயக்கோட்டையைக் கடந்து, ஹைதராபாத் நிஜாமின் படையோடு இதே கெலமங்கலத்தில் முகாமிட்டது. ஆயிரக்கணக்கான காளைகளின் முதுகில் பஞ்சாரா வணிகர்கள் தானியம் சுமந்து உடன் சென்றார்கள். ஏட்டில் மூட்டைக் கணக்குச் சரியாக இருந்தது. ஏப்ரல் நடுவில் ஸ்ரீரங்கப்பட்டணத்துக் கோட்டைக்கு முன்னால் மூட்டைகளைப் பிரித்து அளந்து பார்த்தபோதுதான், களவாலும் சேதத்தாலும் அரிசி கரைந்துபோய், போர் வீரர்களுக்குப் பாதிப் பங்காகக் கொடுத்தாலும் 18 நாளுக்கே வரும் என்று தெரிந்தது. மே 4ஆம் நாள் சுல்தான் ஷஹீதானதையும் கோட்டை வீழ்ந்ததையும் நாம் அறிவோம். அந்த 18 நாள் கணக்கைப் படிக்கும்போதெல்லாம் நெஞ்சில் ஒரு வலி எழுவதை மறைக்க விரும்பவில்லை. இன்னும் சில வாரம் கோட்டை தாங்கியிருந்தால் என்னவாகியிருக்கும்? அல்லாஹ்வின் நாட்டம் வேறாயிருந்தது.

விருந்தினர் எண்ணிக்கையை அரசாங்கங்களே வரையறுக்க முயன்றதும் உண்டு. நம் நாட்டில் உணவுப் பஞ்சம் நிலவிய காலங்களில் விருந்தினர் கட்டுப்பாட்டு உத்தரவுகள் பிறந்தன. அஸ்ஸாமில் 1972இல் போட்ட உத்தரவு அவற்றுள் ஒன்று. பங்களாதேஷில் 1984இல் வந்த உத்தரவு 100 பேர் என்று வரம்பு கட்டிற்று. பாகிஸ்தானில் 1997இல் திருமணங்களில் உணவு பரிமாறுவதையே தடை செய்து, பானங்களை மட்டும் அனுமதித்தார்கள். பின்னர் பஞ்சாப் மாகாணத்தில் அது ஒரே வகை உணவு என்று தளர்ந்தது. ஜம்மு காஷ்மீரில் 2017இல் பெண் வீட்டு விருந்துக்கு 500 பேர், மாப்பிள்ளை வீட்டு விருந்துக்கு 400 பேர் என்று அறிவித்தார்கள். காவலரை வைத்து எண்ணும் அளவுக்குப் போனது நமக்குப் பெருமையில்லை. வாசலில் நின்று அனுமதி கேட்ட நபியின் உம்மத்துக்கு அரசாணை தேவைப்பட்டிருக்கக் கூடாது. மௌலானா அஷ்ரஃப் அலீ தானவீ (ரஹ்) அவர்கள் பிஹிஷ்தீ ஸேவரில் திருமணச் சடங்குகளின் செலவை ஒவ்வொன்றாக எடுத்துக் கண்டித்து நூறு ஆண்டுக்கு மேலாயிற்று. அந்நூல் சீதனமாகவே பல வீடுகளுக்குள் போயிருக்கிறது. அலமாரியில் பத்திரமாகவும் இருக்கிறது.

திண்ணையில் நாம் செய்ததைச் சொல்லி முடிக்கிறோம்.

அவரிடம் அழைப்புப் பட்டியலைக் கொண்டுவரச் சொன்னோம். மறுநாள் பள்ளிக்கூட நோட்டு ஒன்றில் எழுதிக் கொண்டுவந்தார். 175 கார்டு, கார்டுக்கு நான்கு பேர், ஆக 700. நாம் ஒவ்வொரு வீடாகக் கேட்டோம். தேன்கனிக்கோட்டையில் இருக்கும் அத்தை வீட்டில் இப்போது இருவர்தான். ஆனேக்கல் சித்தப்பா படுக்கையில் இருக்கிறார். மகன் ஒருவர் வருவார். பெங்களூர் உறவினருள் பாதிப்பேர் நிக்காஹ் அன்றே வந்துவிட்டுத் திரும்புவார்கள், வலீமாவுக்கு நிற்க மாட்டார்கள். இப்படி எழுதி முடித்தபோது 430 வந்தது. அவர் நோட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

பிரியாணி உண்டபின் 100 கிராம் கேக் எவர் வயிற்றிலும் போகாது. 50 கிராம் போதும். ஒரு கிலோவில் 20 துண்டு. 430 பேருக்கு இருபத்தொன்றரைக் கிலோ. ஆனால் நம் சமூகத்தில் சர்க்கரை நோய் இல்லாத வீடு குறைவு. வேறு இனிப்பும் வைக்கிறார்கள். மூன்றில் இருவர் எடுத்தால் அதிகம் என்று வைத்து 15 கிலோ என்றோம்.

பிறகு அந்தப் பட்டியலில் இல்லாதவர்களைப் பற்றிக் கேட்டோம். செல்வர்கள் அழைக்கப்பட்டு ஏழைகள் விடப்படும் வலீமாவின் உணவே உணவுகளில் மிகக் கெட்டது என்ற கருத்தில் அபூ ஹுரைரா (ரலி) அவர்கள் அறிவிக்கும் செய்தி புகாரி, முஸ்லிம் இரண்டிலும் உள்ளது. 175 கார்டில் அவர் வீட்டுக்குப் பின்புற லைன் வீடுகளில் தங்கி, அவருடைய வேனிலேயே தினமும் வேலைக்குப் போகும் பீகார், அஸ்ஸாம் இளைஞர் 14 பேருக்கு ஒரு கார்டும் இல்லை. மதரஸாவில் தங்கி ஓதும் 22 பிள்ளைகளும் இல்லை. "அவர்களுக்கு மிஞ்சியதை அனுப்பலாம் என்றிருந்தேன், ஹஜ்ரத்" என்றார். சொல்லிவிட்டு அவரே தலையைக் குனிந்துகொண்டார். நாம் பேசவில்லை. அவரே பேனாவை வாங்கி, நோட்டின் கடைசியில் 36 என்று எழுதினார். அதற்கு இரண்டு கிலோ. தவறிப்போனால் இருக்கட்டும் என்று மேலும் மூன்று. ஆக 20 கிலோ, 12,000 ரூபாய். அடுக்கு வேண்டாம், தட்டையாகச் சுட்டுத் துண்டு போட்டுக் கொடுக்கட்டும் என்று முடிவாயிற்று. மேடைக்கென்று அதிலேயே இரண்டு கிலோவில் ஒன்று தனியாக இருக்கும். பையனின் தங்கை அழுவாள் என்பதால் அதை நாமும் எதிர்க்கவில்லை.

எளிதாக முடிந்துவிட்டதாக எண்ண வேண்டாம். எண்ணிக்கையை உறுதி செய்துகொள்ள அவர் வீடு வீடாகப் போய்க் கேட்டபோது, பையனின் தாய்மாமன் கோபித்துக்கொண்டார். "தலையை எண்ணியா அழைப்பது? நான் வரவில்லை" என்று சொல்லிவிட்டாராம். மனைவியார் இரண்டு நாள் அழுதிருக்கிறார். பெரியவர் ஒருவர் பேசிச் சரிசெய்யலாம் என்று நம்மை அழைத்தார்கள். நாம் போனோம். அறிவுரை ஒன்றும் சொல்லவில்லை. அபூ ஷுஐபின் வாசலில் நபியவர்கள் நின்ற செய்தியை மட்டும் ஓதிக் காட்டினோம். தாய்மாமன் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, உள்ளே திரும்பி, "எட்டுப் பேர் வருவோம் என்று எழுதிக்கொள்ளச் சொல்" என்றார். பட்டியலில் அவர் வீட்டுக்கு ஐந்து என்றுதான் நாம் போட்டிருந்தோம்.

வளையல் இன்னும் வீட்டில்தான் இருக்கிறது. வலீமா வரும் ஞாயிற்றுக்கிழமை. பிரியாணிக்கு எத்தனை கிலோ அரிசி என்பது இன்னும் முடிவாகவில்லை. பாவர்ச்சி 100 கிலோ என்று பிடிவாதம் பிடிக்கிறாராம். வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பின் அவரையும் திண்ணைக்கு அழைத்து வருவதாக, நோட்டை மறக்காமல் கையில் எடுத்துக்கொண்டே, சொல்லிச் சென்றிருக்கிறார்.